காவலனின் கண்: பிரெஞ்சு மீறல் இலக்கியமும் சோதனைக் குறும்படங்களும்

ஆய்வுச் சுருக்கம்

அதிர்ச்சியூட்டும் பிரெஞ்சு எழுத்துகளின் தூண்டுதலால் பிறந்த சோதனைக் குறும்படங்களைப் பற்றிய தமிழ்ப் பேச்சு, அவற்றில் காட்டப்படும் உடலைச் சுற்றியே நிகழ்ந்து வருகிறது. ழெர்மேன் துலாக்கின் ‘சிப்பியும் பாதிரியும்’ (1928), ழான் ஜெனேயின் ‘ஒரு காதல் கீதம்’ (1950), மார்கெரித் துராஸின் ‘எதிர்மறைக் கைகள்’ (1979) ஆகிய மூன்று படங்களை முன்வைத்து, அவற்றின் மீறல் காட்டப்படும் பொருளில் அன்று, பார்ப்பவர் நிறுத்தப்படும் இடத்திலேயே அமைகிறது என்று இக்கட்டுரை வாதிடுகிறது. ஜெனேயின் சிறைக்காவலன் சங்க அகப்பாடல்களின் ஊர்காவலரோடு ஒப்பிடப்படுகிறான். அவ்வொப்பீடு விருத்தாசலம் வட்டார எழுத்தாளர் இமையத்தின் ‘பெத்தவன்’ நெடுங்கதைவரை கொண்டுசெல்லப்படுகிறது.

திறவுச்சொற்கள்: சோதனைக் குறும்படம், மீறல், ழான் ஜெனே, ஆர்த்தோ, துராஸ், இரவுக்குறி, இற்செறிப்பு, காவல்.

முன்னுரை

திரைப்படத்தை ஆய்வுப்பொருளாகக் கொள்வது தமிழ்த்துறைகளில் இன்று புதிதன்று. நாவல் திரைப்படமானது குறித்தும், பாடல்களின் யாப்பு குறித்தும், திரையில் சாதி, பெண் ஆகிய சித்திரிப்புகள் குறித்தும் ஆய்வேடுகள் வந்துள்ளன. ஆனால் ஜெனேயையோ ஆர்த்தோவையோ ஒட்டி எடுக்கப்பட்ட சோதனைக் குறும்படங்களைத் தலைப்பாக எடுத்துவரும் மாணவர் இரண்டு கேள்விகளைச் சந்திக்க நேர்கிறது. இதில் தமிழ் எங்கே இருக்கிறது என்பது ஒன்று. இதை வகுப்பில் காட்ட முடியுமா என்பது மற்றொன்று.

முதற்கேள்வி நேர்மையானது, அதற்கு விடை சொல்லும் கடமை ஆய்வாளருக்கு உண்டு. இரண்டாவது கேள்வியில் ஒரு முன்முடிவு இருக்கிறது. இப்படங்களின் பொருள் அவற்றில் காட்டப்படும் சில காட்சிகளே என்றும், அக்காட்சிகளை நீக்கிவிட்டால் பேச எதுவும் மிஞ்சாது என்றும் அது கருதிக்கொள்கிறது. இம்முன்முடிவு இப்படங்களை வெறுப்பவர்களுக்கு மட்டும் உரியதன்று. இவற்றைக் கொண்டாடுபவர்களிடமும் அதுவே இருக்கிறது. ஆகவே முதலில் அதைப் பற்றிப் பேச வேண்டியுள்ளது.

மீறல் என்னும் சொல்

பிரெஞ்சு இலக்கியம் தமிழுக்கு வந்த வழிகள் பல. புதுமைப்பித்தன் மாப்பசானை ஆங்கிலத்தின் வழியே படித்தார். அவர் கதைகள் சிலவற்றைத் தழுவியும் எழுதினார். மூலம் குறிப்பிடப்படாத அத்தழுவல்களைப் பற்றிய விவாதம் அவர் மறைந்து அரை நூற்றாண்டு கழிந்த பின்னும் ஓயவில்லை. தொ.மு.சி. ரகுநாதன் 1999இல் அவ்விவாதத்திற்கென்றே ஒரு நூல் எழுத நேர்ந்தது. (புதுமைப்பித்தனின் இயற்பெயர் சொ. விருத்தாசலம். அவர் பிறந்தது விருத்தாசலத்தில் அன்று, திருப்பாதிரிப்புலியூரில். இவ்வூரில் இருந்துகொண்டு அவரைப் படிப்பவர்களுக்கு அப்பெயர் ஓர் உரிமையுணர்வைத் தந்துவிடுகிறது. அதற்கு மேல் அதற்குப் பொருளில்லை.) அவ்விவாதம் முழுவதும் ‘யாருடைய சரக்கு’ என்ற கேள்வியிலேயே நின்றது. மாப்பசானிடம் புதுமைப்பித்தனை ஈர்த்தது எது, கதைசொல்லியை எங்கே நிறுத்துவது என்பதில் அவரிடமிருந்து இவர் கற்றது எது என்ற கேள்விகள் அதில் பின்னுக்குப் போயின.

1980இல் வெ. ஸ்ரீராம் பிரெஞ்சிலிருந்து நேரடியாக மொழிபெயர்த்த காம்யுவின் ‘அந்நியன்’ க்ரியா வெளியீடாக வந்தது. அதன்பின் பிரெஞ்சு எழுத்து தமிழில் ஒரு மதிப்பான இடத்தைப் பெற்றது. ஆனால் சாத், பத்தாய், ஜெனே, ஆர்த்தோ ஆகியோர் வேறு வாசல் வழியாக வந்தனர். சாரு நிவேதிதா முதலியோரின் கட்டுரைகளிலும், பின்நவீனத்துவம் குறித்துத் தொண்ணூறுகளில் நடந்த சிற்றிதழ் விவாதங்களிலும் இப்பெயர்கள் அடிக்கடி ஒலித்தன. அவற்றோடு சேர்ந்து நிலைபெற்ற சொல் ‘மீறல்’. அச்சொல் அன்று ஒரு வேலை செய்தது என்பதை மறுப்பதற்கில்லை. இலக்கியத்தில் எதைச் சொல்லலாம் என்ற எல்லையை அது தளர்த்தியது. ஆனால் நாளடைவில் மீறல் என்பது ஒரு பட்டியலாகச் சுருங்கியது. கழிவு, புணர்ச்சி, வதை, களவு ஆகியவை இருந்தால் மீறல், இல்லையேல் மரபு. ஆதரித்தவரும் எதிர்த்தவரும் ஒரே பட்டியலைத்தான் கையில் வைத்திருந்தனர். ஒருவர் அதற்கு மதிப்பெண் இட்டார், மற்றவர் கழித்தார்.

எழுத்துக்குப் பட்டியலைக் கொண்டு மதிப்பிடுவது ஓரளவேனும் செல்லும். திரைக்கு அது செல்லவே செல்லாது. திரையில் ஒரு பொருள் காட்டப்படும்போது அதைப் பார்க்கும் ஒரு நிலையும் சேர்ந்தே காட்டப்படுகிறது. ஒளிப்படக்கருவி எங்கோ ஓரிடத்தில் இருந்தாக வேண்டும். அந்த இடம் யாருடையது என்ற கேள்வியைத்தான் இங்கு எடுத்துக்கொள்ளும் மூன்று படங்களும் எழுப்புகின்றன.

சிப்பியும் அங்கியும்

அந்தோனின் ஆர்த்தோ எழுதிய திரைக்கதையைக் கொண்டு ழெர்மேன் துலாக் எடுத்த ‘சிப்பியும் பாதிரியும்’ பாரீசின் ஊர்சுலீன் திரையரங்கில் 1928 பிப்ரவரி 9 அன்று முதன்முதலாகத் திரையிடப்பட்டது. ஏறத்தாழ நாற்பது நிமிடங்கள் ஓடும் இம்மௌனப் படம், திரையிடலில் மூண்ட அமளிக்காகவே பெரிதும் நினைக்கப்படுகிறது. துலாக் தம் கதையைச் சிதைத்துவிட்டார் என்பது ஆர்த்தோவின் மனக்குறை. மீயதார்த்தக் குழுவினர் அரங்கில் கூச்சலிட்டனர். ஒரு பெண் இயக்குநர் ஒரு மேதையின் கனவை மென்மையாக்கிவிட்டார் என்ற இக்கதை நெடுங்காலம் கேள்வியின்றித் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டது. படத்தை இன்று பார்ப்பவர் அதை அப்படியே ஏற்க இயலாது. கலகக்காரர்கள் சொன்னார்கள் என்பதாலேயே ஒரு தீர்ப்பு கலகமாகிவிடாது.

படத்தின் தொடக்கத்தில் அங்கி அணிந்த பாதிரி ஒரு பெரிய சிப்பியிலிருந்து கண்ணாடிக் குப்பிகளில் திரவத்தை நிரப்பி, ஒவ்வொன்றாகக் கீழே போட்டு உடைக்கிறான். மார்பு நிறையப் பதக்கங்கள் அணிந்த படைத்தலைவன் பின்னால் வந்து சிப்பியைப் பறித்து வாளால் வெட்டுகிறான். பின்னர்ப் பாதிரி நான்கு கால்களில் ஊர்ந்தபடி நகரத்துத் தெருக்களில் படைத்தலைவனையும் ஒரு பெண்ணையும் தொடர்கிறான். ஒரு காட்சியில் படைத்தலைவனின் முகம் நடுவே பிளக்கிறது. இதில் ஆடை களைதலும் வேட்கையும் உண்டு; ஆனால் இன்றைய திரையரங்கில் யாரையும் துணுக்குறச் செய்யும் அளவில் இல்லை. ஆயினும் பிரித்தானியத் தணிக்கைக் குழு இதற்கு அனுமதி மறுத்தது. படம் விளங்கவில்லை, அதில் பொருள் ஏதேனும் இருக்குமானால் அது ஆட்சேபத்துக்கு உரியதாகவே இருக்கும் என்பது அக்குழு சொன்ன காரணத்தின் சாரம்.

தணிக்கை வரலாற்றில் நகைப்புக்குரிய எடுத்துக்காட்டாக இது சொல்லப்படுவது வழக்கம். உண்மையில் அக்குழு எவரினும் கூர்மையாகப் படத்தைப் பார்த்திருக்கிறது எனலாம். காட்டப்பட்ட எதையும் சுட்டிக் குற்றம் சொல்ல முடியாமலேயே அது அச்சம் கொண்டது. அங்கிக்கும் பதக்கத்துக்கும் உள்ளே, ஒழுக்கத்தைக் காக்க வேண்டியவர்களுக்குள்ளே, வேட்கை இருக்கிறது என்பதே அந்தப் படம் சொல்வது. ஆனால் துலாக்கின் படத்தில் பார்வையாளர் இன்னும் வெளியிலேயே இருக்கிறார். வேறொருவரின் கனவைப் பார்க்கிறார். அவரை உள்ளே இழுக்க இருபத்திரண்டு ஆண்டுகள் ஆயின.

இரண்டு துளைகள்

ஜெனே சிறையில் எழுதத் தொடங்கியவர். ‘மலர்களின் நம் அன்னை’ 1943இல் மறைவாக வெளிவந்தது. ‘ரோஜாவின் அற்புதம்’ 1946இல் வந்தது. காக்தோ, சார்த்தர் முதலியோர் முறையிட்டதன் பேரில் 1949இல் அவருக்கு மன்னிப்பு வழங்கப்பட்டது. மறு ஆண்டு அவர் எடுத்த ‘ஒரு காதல் கீதம்’ தான் அவர் இயக்கிய ஒரே படம். இருபத்தாறு நிமிடங்கள், கறுப்பு வெள்ளை, ஒலியில்லை. நிகோ பாபதாகிஸ் தயாரித்தார். இது எந்த ஒரு நாவலின் தழுவலும் அன்று; ஆனால் சிறை, மலர், காவல், கனவு என அந்நாவல்களின் உலகம் முழுவதும் இதில் உண்டு.

படம் ஒரு காவலன் சிறைச்சுவரை வெளியிலிருந்து நோக்குவதில் தொடங்குகிறது. ஒரு சாளரக் கம்பிகளின் வழியே நீண்ட கை, கயிற்றில் கட்டிய மலர்க்கொத்தை அடுத்த சாளரத்தை நோக்கி ஊசலாட்டுகிறது. அங்கிருந்து நீளும் கையால் அதைப் பற்ற முடியவில்லை. காவலன் உள்ளே சென்று அறை அறையாகக் கதவுத்துளையில் கண்ணை வைத்துப் பார்க்கிறான். ஒவ்வோர் அறையிலும் ஒருவன் தனிமையில் தன் வேட்கையோடு இருக்கிறான். இருவருக்கிடையே சுவர் நிற்கிறது. அச்சுவரில் ஒரு சிறு துளை. மூத்தவன் அதில் வைக்கோல் ஒன்றைச் செருகிப் புகையை ஊதுகிறான். மறுபக்கம் இருக்கும் இளையவன் வாய் திறந்து அதை வாங்கிக்கொள்கிறான். படத்திலேயே மிகுந்த வேட்கை நிறைந்த காட்சி இதுதான். இதில் உடல் உடலைத் தொடுவதில்லை.

ஆக இப்படத்தில் இரண்டு துளைகள் உள்ளன. கதவிலுள்ள துளை பார்ப்பதற்கானது. அதன் வழியே எதுவும் கைமாறுவதில்லை. சுவரிலுள்ள துளை பார்ப்பதற்கு உதவாது. அதன் வழியே மூச்சு செல்கிறது. ஒளிப்படக்கருவி முதல் துளையில்தான் நிற்கிறது. நாமும் அங்கேதான் நிற்கிறோம். காவலன் எதைப் பார்க்கிறானோ அதை அவன் கண்ணாலேயே நாமும் பார்க்கிறோம். அவன் முகத்தில் வேட்கை ஏறுவதைப் படம் நமக்குக் காட்டும்போது, அது நம் முகமாகவும் ஆகிவிடுகிறது. இறுதியில் அவன் அறைக்குள் புகுந்து மூத்த கைதியை இடுப்புவாரால் அடிக்கிறான். கைத்துப்பாக்கியை அவன் வாயில் செருகுகிறான். புகை சென்ற வாய்க்கும் துப்பாக்கி செருகப்பட்ட வாய்க்கும் உள்ள உறவை எந்த உரையாடலும் விளக்குவதில்லை. விளக்கத் தேவையுமில்லை.

விருத்தாசலத்தில் பீங்கான் தொழில்நுட்பம் பயிலும் இருவரும் தமிழ் பயிலும் மூவருமாக இப்படத்தை மடிக்கணினியில் பார்த்தபோது, கதவுத்துளைக் காட்சிகளைப் பற்றி இக்கட்டுரையாளர் எதிர்பாராத ஒரு கருத்து எழுந்தது. சூளையிலும் ஒரு பார்வைத்துளை உண்டு. உள்ளே வைத்த ‘கோன்’ எனப்படும் வெப்பக் கூம்பு சாய்ந்துவிட்டதா என்று அதன் வழியேதான் பார்க்க வேண்டும். உள்ளிருக்கும் பண்டத்துக்குத் தான் பார்க்கப்படுவது தெரியாது; ஆனால் பார்ப்பவனின் முகம் சுடும், அதனால்தான் நிறக்கண்ணாடி வைத்துப் பார்க்கிறார்கள் என்றார் பீங்கான் மாணவர். தமிழ் மாணவர்கள் மூவரும் அதுவரை கைதிகளைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தனர். துளையின் இப்பக்கத்தில் இருப்பவனுக்கு என்ன நேர்கிறது என்று முதலில் கேட்டவர் நாள்தோறும் ஒரு துளையில் கண் வைப்பவர்.

ஊர்காவலர் துஞ்சினும்

‘இதில் தமிழ் எங்கே’ என்ற கேள்விக்கு இவ்விடத்தில் விடை கூறலாம். சுவருக்கு இருபுறமும் நிற்கும் காதலர், இடையே காவல், சொல்லுக்கு மாற்றாக மலர் என்ற அமைப்பு அகப்பாடல் பயின்றவருக்குப் புதிதன்று. அலர் எழுந்தபின் தலைவி இற்செறிக்கப்படுகிறாள். தலைவன் இரவுக்குறியில் வருகிறான். அகத்திணையில் தலைமக்களின் இயற்பெயர் சுட்டப்படலாகாது என்பது தொல்காப்பிய மரபு. ஜெனேயின் படத்திலும் எவருக்கும் பெயரில்லை, சொல்லே இல்லை.

இவ்வொப்புமையை இதற்கு மேல் நீட்டுவது பிழையாகும். அகமரபு ஆணும் பெண்ணும் கூடும் ஒழுக்கத்தையே பேசுகிறது. களவு கற்பில் முடிய வேண்டும் என்று விழைகிறது. ஜெனேயின் களவுக்குக் கற்பு இல்லை. ஒப்புமையைவிட வேறுபாடே இங்குப் பயன்தருவது. அகநானூற்றில் பரணர் பாடிய 122ஆம் பாட்டு, இரவுக்குறிக்கு நேரும் தடைகளை அடுக்குகிறது. ஊர் உறங்கினாலும் தாய் உறங்குவதில்லை. தாய் உறங்கினாலும் காவலர் விரைந்து சுற்றுகின்றனர். பின்னர் நாய், நிலவு, கூகை, கோழி. எல்லாம் ஓய்ந்த ஒரு நாளிலோ தலைவன் வருவதில்லை. இவ்வடுக்கில் காவலருக்குரிய இடத்தைக் கவனிக்க வேண்டும். நாய்க்கும் நிலவுக்கும் என்ன இடமோ அதுவே அவர்களுக்கும். அவர்கள் ஒரு தடை, அவ்வளவே. ஊர்காவலனுக்கு அகம் இல்லை. அவன் எதை நினைத்துக்கொண்டு இரவெல்லாம் சுற்றினான் என்று எந்தத் தோழியும் கேட்டதில்லை.

ஜெனே கேட்கிறார். அவருடைய காவலன் நாயும் நிலவும் போன்ற தடையன்று, வேட்கையுடையவன். அவன் வேட்கை ஒருபக்கத்தது, எதிரிலுள்ளவர் அறியாதது. கைக்கிளை என்ற சொல்லை அதற்குப் பொருத்திப் பார்க்கத் தோன்றும். ஆனால் கைக்கிளைக்குரியவன் கையில் துப்பாக்கி இருப்பதில்லை. அதிகாரம் உடையவனின் ஒருதலைக் காமம் எப்படி வன்முறையாக மாறுகிறது என்பதற்கு நம் திணைக்கோட்பாடு பெயர் வைக்கவில்லை. பெருந்திணையின் மிகுதியும் இதனைத் தொடுவதில்லை. ஜெனேயின் மீறல் இதுவே. கைதிகளின் உடலை அவர் காட்டினார் என்பதால் அன்று, சட்டத்தின் கண்ணுக்குப் பின்னால் ஓர் உடல் இருப்பதைக் காட்டினார் என்பதால் அது மீறல்.

நீதிமன்றத்தில் ஒரு குறும்படம்

சட்டம் இதற்கு எப்படி விடை சொன்னது என்பது தனிக் கதை. 1964இல் நியூயார்க்கில் இப்படத்தைத் திரையிட்ட யோனாஸ் மேகஸ் கைது செய்யப்பட்டார். கலிபோர்னியாவில் பெர்க்லி நகரத் திரையிடல் தொடர்பாக எழுந்த வழக்கில், 1966இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் படம் ஆபாசமானது என்றது. 1967இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில் அதை உறுதிசெய்தது. ஜெனேயின் நாவல்கள் அப்போது அந்நாட்டுப் புத்தகக் கடைகளில் ஆங்கிலத்தில் கிடைத்துக்கொண்டிருந்தன. எழுத்தில் பொறுத்துக்கொள்ளப்பட்டது திரையில் குற்றமாயிற்று.

இவ்வேறுபாடு நமக்கு அயலானதன்று. கே.ஏ. அப்பாஸ் எடுத்த ‘நான்கு நகரங்களின் கதை’ என்னும் ஆவணக் குறும்படம் சென்னையையும் உள்ளிட்ட நான்கு பெருநகரங்களில் செல்வமும் வறுமையும் அருகருகே இருப்பதைக் காட்டியது. பம்பாயின் பாலியல் தொழில் வீதியைக் காட்டும் பகுதி சிக்கலுக்கு உள்ளாயிற்று. அவர் தொடுத்த வழக்கில் 1970இல் இந்திய உச்ச நீதிமன்றம் முன்தணிக்கை செல்லும் என்று தீர்ப்பளித்தது. திரைப்படம் பிற கலைகளைவிட ஆழமாக உணர்ச்சிகளைக் கிளறுகிறது, ஆகவே அதை வேறாக நடத்தலாம் என்பது தீர்ப்பின் அடிப்படை. அதே தீர்ப்பு பாலுறவும் ஆபாசமும் எப்போதும் ஒன்றல்ல என்றும் சொன்னது. இப்பகுதி குறைவாகவே நினைவுகூரப்படுகிறது. எப்படியாயினும், ஒரு சில நிமிடக் காட்சிதான் சினிமாவின் அரசியல் சட்ட நிலையை இந்நாட்டில் வரையறுத்தது. குறும்படம் சிறியது என்று அதைச் சிறிதாக எண்ணுவோர் இதை நினைவிற்கொள்ள வேண்டும்.

ஜெனே பின்னாளில் தம் படத்தைக் கைவிட்டார். 1975இல் அது பொதுத் திரையிடலுக்கு வந்தபோது பிரெஞ்சு அரசின் திரைப்பட மையம் அளித்த பரிசுத்தொகையை ஏற்க மறுத்தார். இம்மறுப்பை வீரம் என்று கொண்டாடுவதற்கில்லை. தயாரிப்பாளரோடு அவருக்கு இருந்த பிணக்கும் அதில் உண்டு. ஆனாலும் காவலனைப் பற்றி எடுத்த படத்துக்கு அரசின் பரிசு வருவதில் உள்ள முரணை அவர் உணராமல் இருந்திருக்க முடியாது.

விடியலுக்கு முன் பாரீசு

துராஸ் சைகோனுக்கு அருகே காலனிய இந்தோசீனாவில் பிறந்தவர். அவருடைய ‘இந்தியா சாங்’ (1975) பற்றி இந்திய வாசகர்களுக்கு ஒரு மனக்குறை உண்டு. கல்கத்தாவில் நிகழும் அக்கதை பிரான்சிலேயே படமாக்கப்பட்டது. இந்தியா அதில் சில பெயர்களாகவும், திரைக்கு வெளியே கேட்கும் ஒரு பிச்சைக்காரியின் குரலாகவும் மட்டுமே இருக்கிறது. அப்பெண்ணும் இந்தியள் அல்லள்; லாவோசிலிருந்து நடந்து வந்தவள். இம்மனக்குறையில் நியாயம் உண்டு. ஆனால் திரையில் தெரிபவர் பேசாமலும் பேசுபவர் தெரியாமலும் இருக்கும் அப்படத்தின் முறை, நான்கு ஆண்டுகளுக்குப் பின் ஒரு குறும்படத்தில் முழுமை பெற்றது.

‘எதிர்மறைக் கைகள்’ ஏறத்தாழ கால் மணி நேரம் ஓடுவது. ‘இரவுக் கப்பல்’ என்னும் படத்துக்காக எடுத்துப் பயன்படாமற்போன படச்சுருளைக் கொண்டு அமைக்கப்பட்டது. விடியலுக்கு முந்தைய பாரீசின் வீதிகளில் ஒரு வண்டி மெதுவாகச் செல்கிறது. ஒளிப்படக்கருவி அதிலிருந்து பார்க்கிறது. துராஸின் குரல், பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன் குகைச்சுவரில் கையைப் பதித்து அதைச் சுற்றி வண்ணம் ஊதிய ஒரு மனிதனைப் பற்றிப் பேசுகிறது. அவன் கடலை நோக்கித் தன் வேட்கையை அழைப்பாக அனுப்புகிறான். வீதியிலோ குப்பை அள்ளுவோரும் தெருக் கூட்டுவோரும் இருக்கிறார்கள். அவர்களுள் ஆப்பிரிக்கர் பலர். வெளிச்சம் வந்ததும் அவர்கள் மறைந்துவிடுவார்கள். நகரம் வேறு ஆட்களுக்கு உரியதாகும். குரல் அவர்களை ஓரிடத்திலும் குறிப்பிடுவதில்லை.

குறிப்பிடாததே இதன் வலிமை. குகை மனிதனின் வேட்கையை உயர்ந்த மொழியில் கேட்டுக்கொண்டிருக்கும் நாம், வண்டிக்குள் அமர்ந்தபடி கூட்டுவோரைக் கடந்து செல்கிறோம். ஜெனேயின் படத்தில் கதவுத்துளை எதுவோ, இங்கு வண்டியின் கண்ணாடி அது. ஜெனே பார்வையாளரைக் காவலனாக்கினார். துராஸ் அவரைப் பயணியாக்குகிறார். இரண்டாவது நிலை இன்னும் வசதியானது, ஆகவே இன்னும் கூச்சம் தருவது. இப்படத்தில் ஆடை களைந்த ஓர் உடல்கூட இல்லை. மீறலைப் பட்டியலால் அளப்பவர் இதற்கு என்ன மதிப்பெண் இடுவார்?

இந்தியாவில் இத்தகைய வேலைக்கு அருகில் வருபவர் ஆசிஷ் அவிகுந்தக். பெக்கட்டின் மூன்று பெண்கள் மட்டுமே தோன்றும் சிறு நாடகத்தைக் கொண்டு 2005இல் அவர் எடுத்த ‘அந்தரால்’ குறும்படம், பெக்கட் பிரெஞ்சில் எழுதிய கோதோ நாடகத்தைக் கும்பமேளாவுக்குள் கொண்டுசென்ற ‘கல்கிமந்தன்கதா’ (2015) ஆகியவை தனியே ஆராயத்தக்கவை. அவற்றில் கேலிக்கும் பக்திக்கும் இடையே பார்வையாளர் எங்கு நிற்பது என்று தெரியாமல் திகைக்கிறார், அத்திகைப்பு நல்லது. தமிழில், 2009இல் தொடங்கிய ‘நாளைய இயக்குனர்’ நிகழ்ச்சிக்குப் பின் குறும்படம் பெருகியது. ஆனால் அது பெரும்பாலும் முழுநீளப் படத்துக்கான நுழைவுச்சீட்டாகவே ஆயிற்று. கடைசி நொடியில் திருப்பம் வைக்கும் கதைகள் அதில் மிகுதி. மாப்பசானிடமிருந்து நாம் எடுத்துக்கொண்டது அந்தத் திருப்பம் ஒன்றுதானோ என்று ஐயுறத் தோன்றுகிறது.

பெத்தவனின் வீடு

பிரெஞ்சுச் சிறையை இங்கே கட்டிக் காட்டுவதால் தமிழில் ஜெனேயைப் போன்ற ஒரு குறும்படம் தோன்றிவிடாது. அதற்குரிய களம் விருத்தாசலம் வட்டாரத்திலேயே எழுதப்பட்டிருக்கிறது. இவ்வூரில் வாழும் இமையம் 2012இல் எழுதிய ‘பெத்தவன்’ நெடுங்கதையில், தலித் இளைஞனைக் காதலித்த மகளைக் கொன்றுவிட வேண்டும் என்று ஊர் தகப்பனுக்குக் கட்டளையிடுகிறது. அவன் ஒப்புக்கொள்கிறான். மகள் வீட்டுக்குள் இருக்கிறாள்; ஊர் வெளியே இருக்கிறது. விடிவதற்குள் முடித்தாக வேண்டும். அவனோ இரவில் அவளைத் தப்பவிட்டுத் தன் உயிரை மாய்த்துக்கொள்கிறான்.

இற்செறிப்பு, அலர், இரவு, ஊர் என அகப்பாட்டின் உறுப்புகள் அத்தனையும் இதில் உள்ளன. தலைவன் மட்டும் காட்சியில் இல்லை. கதை காதலர்களைப் பற்றியதன்று, காவலனைப் பற்றியது. பரணரின் அடுக்கில் பெயரின்றிச் சுற்றிய காவலருக்கு இங்கே அகம் கிடைத்திருக்கிறது. அகமுடைய காவலன் கதவைத் திறந்துவிடுகிறான். ஜெனேயின் காவலனுக்கு நேர் எதிரான முடிவு இது. ஆனால் இரண்டும் ஒரே கேள்வியிலிருந்து பிறந்தவை.

இக்கதையைப் படமாக்க முனையும் ஒருவர் ஒளிப்படக்கருவியை எங்கே வைப்பார்? மகளின் அருகே வைத்தால் அது இரங்கற்பாட்டு. நாம் எல்லோரும் அழுதுவிட்டு எழுந்து செல்வோம். தகப்பனின் அருகே வைத்தால் அது தியாகக் கதை. அதற்கும் நமக்குப் பழக்கம் உண்டு. மூன்றாவதாக ஓரிடம் இருக்கிறது. வீட்டுக்கு வெளியே, இருட்டில், விடியுமுன் சாவுச் செய்தி வந்துசேர வேண்டும் என்று காத்திருக்கும் ஊரின் இடம். அங்கிருந்து பார்த்தால் மூடிய கதவும் அதன் இடுக்கில் கசியும் விளக்கு வெளிச்சமும்தான் தெரியும். எடுத்த எடுப்பில் அந்த இடத்தைத் தேர்வதற்கு எந்த இயக்குநரும் தயங்குவார். அங்கே நின்றால் சுற்றிலும் நிற்பவர்களின் முகங்கள் அடையாளம் தெரிந்துவிடும்.